கர்ப்பப்பை அகற்றிய பின் தாம்பத்திய உறவை எப்போது தொடங்கலாம்?

திருமங்கலம் வாசகி:
எனக்கு வயது 44. நார்க்கட்டியால் உதிரப்போக்கு ஓயாமல் இருந்ததால், மதுரையில் ஒரு மருத்துவமனையில் லேப்ராஸ்கோபி முறையில் கர்ப்பப்பையை முழுவதுமாக அகற்றி 5 வாரங்கள் ஆகின்றன. சினைப்பைகளை எடுக்கவில்லை. வயிற்றுத் தழும்புகள் காய்ந்துவிட்டன, சமையலும் நானேதான். வீடு திரும்பும்போது கொடுத்த சீட்டில் மாத்திரை, பத்தியம், குடம் தூக்கக் கூடாது என்பதெல்லாம் இருந்தன. கணவரோடு சேர்வதைப் பற்றி ஒரு வரியும் இல்லை. மாமியார் பக்கத்திலேயே நின்றதால் கேட்கவும் வாய் வரவில்லை. இனி ஆசையே வராது என்று அண்டைவீட்டு அக்கா சொன்னது வேறு உறுத்துகிறது.

ஓய்வுபெற்ற செவிலியர், அண்ணாநகர்:
சகோதரி, வெளித்தழும்பை வைத்துக் கணக்குப் போடாதீர்கள். கர்ப்பப்பையை அதன் வாயோடு சேர்த்து எடுத்த பிறகு, பிறப்புறுப்பின் உள் முனையைத் தைத்து மூடுவார்கள். அந்தத் தையல் கண்ணுக்குத் தெரியாது, பெரும்பாலும் வலிக்கவும் செய்யாது என்பதால்தான் பலர் அவசரப்பட்டுவிடுகிறார்கள். குறைந்தது 6 வாரம் என்பது பொதுவான கணக்கு. லேப்ராஸ்கோபியில் அந்தத் தையல் பிரியும் வாய்ப்பு சற்றுக் கூடுதல் என்பதால், 8 முதல் 12 வாரம் வரை பொறுக்கச் சொல்லும் மருத்துவர்கள் உண்டு. பிரிவது அரிதுதான், ஆனால் பிரிந்தால் அந்த வழியே குடல் இறங்கி, உடனடியாக மீண்டும் அறுவை சிகிச்சை செய்ய வேண்டிவரலாம். அதுவரை அணைப்புக்கும் நெருக்கத்துக்கும் தடையில்லை. உள்ளே எதுவும் செல்லக் கூடாது, அவ்வளவுதான்.

மறுபரிசோதனையில் திரைக்குப் பின்னால் உங்களைப் படுக்க வைத்துப் பார்க்கும்போது மாமியார் அங்கே இருக்க மாட்டார். "உள் தையல் ஆறிவிட்டதா, உறவு வைத்துக்கொள்ளலாமா?" என்று அப்போதே கேட்டுவிடுங்கள். தினமும் கேட்கும் கேள்விதான் அவர்களுக்கு.

ஆசையைப் பற்றிய பயம் வேண்டாம். சினைப்பைகள் இருப்பதால் ஹார்மோன் சுரப்பு தொடரும். உதிரப்போக்கும் வலியும் நீங்கியதால் முன்பைவிட நிம்மதியாக இருப்பதாகச் சொல்லும் பெண்களே அதிகம்.

மேலூர் வாசகி:
எனக்குச் சினைப்பைகளையும் சேர்த்து எடுத்துவிட்டார்கள். அப்படியானால் மாதவிடாய் நின்றவரின் நிலை ஒரே நாளில் வந்துவிடும்: உடல் திடீரெனக் கொதிக்கும், பிறப்புறுப்பு வறண்டு உறவின்போது எரியும். தண்ணீர் சார்ந்த வழுவழுப்பு ஜெல் எனக்கு உதவியது (மருந்துக்கடைத் தம்பி அதைச் செய்தித்தாளில் மூன்று சுற்றுச் சுற்றி, ஏதோ கடத்தல் பொருளைப் போலக் கொடுத்தார்). பின்னர் மருத்துவர் ஈஸ்ட்ரோஜன் களிம்பும் எழுதித் தந்தார். மார்பகப் புற்றுநோய் வந்தவர்கள் கேட்காமல் அதைத் தொடக் கூடாது. முதல் சில முறை வேகமும் ஆழமும் உங்கள் கட்டுப்பாட்டில் இருக்கட்டும், வலித்தால் நிறுத்திவிட வேண்டும் என்பதை உங்கள் வீட்டுக்காரரிடம் முன்கூட்டியே சொல்லிவிடுங்கள்.

திருமங்கலம் வாசகி:
நன்றி, அம்மா. நன்றி, அக்கா. அடுத்த வாரம் பரிசோதனைக்குப் போகும்போது கேட்டுவிடுகிறேன். இளஞ்சிவப்பாகச் சிறிது கசிவு இன்னும் இருக்கிறது, இது இயல்புதானா?

ஓய்வுபெற்ற செவிலியர், அண்ணாநகர்:
தையல் நூல் கரையும் காலத்தில் இலேசான கசிவு இருப்பது இயல்பு, ஆனாலும் பரிசோதனையின்போது தவறாமல் சொல்லுங்கள். துர்நாற்றம், காய்ச்சல், திடீரெனத் தண்ணீர் போல் வடிதல், கடும் வயிற்றுவலி, நாப்கின் நனையும் அளவுக்குச் செந்நிற இரத்தம் ஆகியவற்றில் ஒன்று தென்பட்டாலும், நாள் குறித்த பரிசோதனைக்குக் காத்திராமல் அன்றே மருத்துவமனைக்குச் செல்லுங்கள்.