வேடர் சமூகப் பிள்ளைக்குக் கம்பஸ் அனுமதியில் தனி ஒதுக்கீடு இருக்கா? என்ன அத்தாட்சி வேணும்?

கேள்வி (வெருகல்கரை):
திருகோணமலை மாவட்டத்து வெருகல் பக்கத்து மாணவி ஒருவர் அடுத்த உயர்தரப் பரீட்சைக்கு உயிரியல் பிரிவில தோற்றுறா. குடும்பம் கரையோர வேடர் வழி. ஆனால் பிறப்புச் சான்றிதழில் தகப்பனின் இனம் இலங்கைத் தமிழர் எண்டுதான் கிடக்கு. பழங்குடிச் சான்றிதழ் இருந்தால் குறைஞ்ச புள்ளிக்கும் மருத்துவம் கிடைக்கும் எண்டு தமிழ்நாட்டுக் காணொளி பார்த்தவை சொல்லுகினம். அதை எடுத்துத் தாறன் எண்டு ஒரு தரகர் காசும் கேட்கிறார். பிள்ளை 11ஆம் வகுப்பு வரை கதிரவெளியில படிச்சவ, உயர்தரம் திருகோணமலை டவுனில.

பதில் (கங்குவேலி):
ஒரு சதமும் குடுக்க வேண்டாம். இலங்கையில் சாதிக்கோ பழங்குடிக்கோ பல்கலைக்கழக ஒதுக்கீடு கிடையாது. அந்தக் காணொளி சொல்லுறது தமிழ்நாட்டு 69 வீத ஒதுக்கீட்டை. அதில பழங்குடியினருக்கு 1 வீதம். அங்கயும் பழங்குடிச் சான்றிதழைத் தாசில்தார் குடுக்க ஏலாது, கோட்டாட்சியர்தான் குடுப்பார். சந்தேகம் வந்தால் மாநில அளவிலான கூர்நோக்குக் குழு விசாரிக்கும். பொய்யெண்டு தெரிஞ்சால் படிப்பே பறிபோகும்.

எங்கட முறை மாவட்டம். ஒரு துறைக்கு 100 இடமெண்டால் 40 அகில இலங்கைத் திறமைக்கு, 55 சனத்தொகைப்படி 25 மாவட்டங்களுக்கும், மிச்சம் 5 கல்வியில் பின்தங்கிய 16 மாவட்டங்களுக்கு. திருகோணமலை அந்தப் பதினாறில் ஒன்று. வேடர் எண்ட அடையாளத்தைப் பதிவில கொண்டு வாறது அந்தச் சமூகத்துக்குப் பெரிய விசயம், செய்யத்தான் வேணும். ஆனால் இனப் பதிவைத் திருத்தினதால இசட் வெட்டுப்புள்ளி (அனுமதிக்கு வேண்டிய ஆகக்குறைஞ்ச தரப்படுத்தின புள்ளி) மாறாது.

பதில் (தம்பலகாமம் வயல்):
மேல சொன்னது சரி. இந்தப் பிள்ளைக்கு உண்மையான சிக்கல் கதிரவெளிதான். வெருகல் ஆறு தாண்டினால் மட்டக்களப்பு மாவட்டம், கதிரவெளி அங்கதான். உயர்தரத்துக்கு முந்தின மூன்று வருசமும் ஒரே மாவட்டப் பாடசாலையில் படிச்சிருந்தால் அதுதான் பிள்ளையின் மாவட்டம். இவவுக்கு 11ஆம் வகுப்பு மட்டக்களப்பில, 12உம் 13உம் திருகோணமலையில. மூன்று வருசம் ஒரு மாவட்டத்துக்குள்ள நிக்காதபடியால் நிரந்தர வதிவிடத்தைப் பார்ப்பினம். வீடு வெருகலில இருக்கிறதைக் கடதாசியில காட்டினால் திருகோணமலை எண்டு கேட்கலாம். எந்தத் திகதியில இருந்து எண்ணுறது எண்டது அந்த வருசத்துப் பல்கலைக்கழக மானியங்கள் ஆணைக்குழுக் கைநூலில இருக்கும். போன வருசத்துக் கைநூலை வச்சு எண்ணாதேங்கோ.

இப்பவே எடுக்க வேண்டியது: இரண்டு பாடசாலையிலும் சேர்ந்த, விலகின திகதிகளோட அதிபர் ஒப்பமிட்ட விடுகைப் பத்திரம் அல்லது கடிதம். இரண்டுக்கும் நடுவில மாதக்கணக்கில இடைவெளி தெரிஞ்சால் விளக்கம் கேட்பினம். பிறகு தாய் தகப்பனின் பெயர் உள்ள வாக்காளர் இடாப்புப் பிரதி, மூன்று வருசத்துக்கும். பிள்ளைக்கு 18 ஆகாத வருசங்களில அவவின்ர பெயர் அதில இராது, பயப்பட வேண்டாம். கிராம உத்தியோகத்தரின் வதிவிடச் சான்றிதழில எந்த வருசத்தில இருந்து குடியிருக்கினம் எண்டு எழுதியிருக்க வேணும், வெருகல் பிரதேச செயலாளரின் மேலொப்பமும் வேணும். மேலொப்பம் இல்லாத வெறும் கிராம உத்தியோகத்தர் (ஜி.எஸ்.) கடிதத்தோட போய்த் திரும்பி வாறவை கனபேர்.

கேள்வி (வெருகல்கரை):
ஒரு வருச இடாப்பில தாய் தகப்பன் இருவரின்ர பெயரும் இல்லை.

பதில் (தம்பலகாமம் வயல்):
அனேகமா அந்த வருசம் இடாப்புத் திருத்தப் படிவம் நிரப்பிக் குடுபடேல்லை. முதல்ல மாவட்டத் தேர்தல் அலுவலகத்தில கேட்டுப் பாருங்கோ. பெயர் வேற வீட்டிலக்கத்தின் கீழயோ, எழுத்துப் பிழையோடயோ விழுந்திருக்கலாம். உண்மையா இல்லையெண்டால் மற்ற வருசப் பிரதிகளையும் ஜி.எஸ். சான்றிதழையும் சேர்த்து வைச்சு, விடுபட்ட வருசத்தையும் காரணத்தையும் கடிதத்தில நேராகவே எழுதுங்கோ. கதிரவெளிப் பாடசாலையை மட்டும் விண்ணப்பத்தில மறைக்கக் கூடாது. பொய்த் தகவல் பிறகு பிடிபட்டால், பல்கலைக்கழகத்துக்குள்ள போன பிறகும் பதிவை ரத்துச் செய்வினம்.

பதில் (கங்குவேலி):
பெயரையும் ஒருக்காப் பாருங்கோ. பிறப்புச் சான்றிதழ், அடையாள அட்டை, பரீட்சை விண்ணப்பம் மூன்றிலும் முதலெழுத்து ஒரே மாதிரி இருக்க வேணும். பிழை இருந்தால் பெறுபேறு வர முதலே திருத்திப் போடுங்கோ. பெறுபேறு வந்த பிறகு விண்ணப்பத்துக்குக் கிடைக்கிறது சில கிழமைதான், கந்தோர் ஏறி இறங்க அது காணாது.