நேரடி ஒளிபரப்பு நாடகங்களில் துணை நடிகர்: வில்ஃப்ரிட் பிராம்பெல்

ஜார்ஜ் ஆர்வெல் நாவலை வைத்து எடுத்த '1984' நாடகத்தை பிபிசி ஒளிபரப்பியது 1954 டிசம்பர் 12, ஞாயிறு இரவு. நாயகனாக நடித்த பீட்டர் குஷிங்கைப் பற்றிப் பலரும் எழுதிவிட்டார்கள். அதே நாடகத்தில் மதுக்கடைக் கிழவராகவும், பின்னால் சிறையில் எலும்பும் தோலுமான கைதியாகவும் வருபவர் ஒரே ஆள்தான்: வில்ஃப்ரிட் பிராம்பெல். டப்ளின்காரர், அப்போது வயது 42. அந்தக் காலத் தொலைக்காட்சி நாடகம் எப்படி நடந்தது என்று புரிய வேண்டுமானால், நாயகனை விட்டுவிட்டு இவரைப் போன்றவர்களைக் கவனியுங்கள்.

ஒத்திகைக்குக் கிடைப்பது பெரும்பாலும் ஏதாவது ஒரு சர்ச் மண்டபம். வீடு, கடை, சிறை எல்லாமே தரையில் ஒட்டிய நாடாக் கோடுகள். கேமராவையும் விளக்கையும் கடைசி நேரத்தில், ஸ்டுடியோவுக்குப் போன பிறகுதான் பார்ப்பார்கள். கேமராவில் ஜூம் இல்லை. முன்னால் சுழலும் தட்டில் பல லென்ஸ்கள் இருக்கும். ஒளிபரப்பில் இருக்கும் கேமராவில் தட்டைச் சுழற்றினால் அது அப்படியே வீட்டில் தெரிந்துவிடும். அதனால் இயக்குநர் வேறு கேமராவுக்கு மாறிய பிறகே லென்ஸை மாற்றுவார்கள். குறித்த இடத்திலிருந்து நடிகர் ஓரடி தள்ளி நின்றால் போதும்: பாதி முகம் சட்டத்துக்கு வெளியே போய்விடும், ஃபோகஸ் கலைந்துவிடும், மைக் கழியின் நிழல் நெற்றியில் விழும். நாயகன் தள்ளி நின்றால் கேமராமேன் தேடிப் பிடிப்பார். இரண்டு வரி பேசிவிட்டுப் போகிறவரைத் தேட யாருக்கும் நேரம் இருக்காது. அதனால்தான் இடம் தவறாமல் வந்து நிற்பவர்களையே இயக்குநர்கள் திரும்பத் திரும்பக் கூப்பிட்டார்கள். '1984'-ஐ இயக்கிய ருடால்ஃப் கார்ட்டியர், 1953, 1955-இல் வந்த 'குவாட்டர்மாஸ்' அறிவியல் புனைகதைத் தொடர்களிலும் பிராம்பெலுக்குச் சின்ன வேடங்கள் கொடுத்தார்: முதலில் குடிகாரர், அப்புறம் நாடோடி.

இரட்டை வேடம் என்றால் சிக்கல் கூடும். ஒரு காட்சி ஓடும்போதே அடுத்ததில் வருகிறவர் கேபிள்களைத் தாண்டி, சத்தமில்லாமல் உடையும் ஒப்பனையும் மாற்றிக்கொண்டு வந்து நிற்க வேண்டும். முன்கூட்டியே எடுத்து வைத்து இடையில் ஓட்டிய ஃபிலிம் துண்டுகள் வெளிப்புறக் காட்சிக்காக மட்டும் அல்ல, இந்த ஓட்டத்துக்கு அவகாசம் தரவும்தான். வசனம் மறந்தால் உதவியாளர் ஒரு பொத்தானை அழுத்துவார். ஒலி அறுந்துபோகும், அந்த இடைவெளியில் வரியை எடுத்துக் கொடுப்பார். பார்ப்பவர்களுக்குத் தங்கள் பெட்டிதான் மக்கர் செய்கிறது என்று தோன்றும்.

மறதியை விடப் பெரிய விபரீதமும் நடந்திருக்கிறது. 1958 நவம்பர் 30 அன்று பிரிட்டனின் ஏபிசி தொலைக்காட்சி நிறுவனத்தின் 'அண்டர்கிரவுண்ட்' நாடகம் நேரடியாகப் போய்க்கொண்டிருந்தபோது, கேரத் ஜோன்ஸ் என்ற 33 வயது நடிகர் இரண்டு காட்சிகளுக்கு நடுவே மயங்கி விழுந்து இறந்துபோனார். மற்ற நடிகர்கள் அவர் பேச வேண்டியதைத் தங்களுக்குள் பங்கிட்டு, சமாளித்து நாடகத்தை முடித்தார்கள். அடுத்தவர் வரியும் தெரிந்திருப்பது அந்தத் தொழிலில் எவ்வளவு முக்கியம் என்பதற்கு இதைவிடக் கொடுமையான சான்று வேறு வேண்டாம்.

ஞாயிறு நாடகத்தை வியாழக்கிழமை மறுபடி போடுவது என்றால், எல்லோரும் திரும்ப வந்து முழுதாக நடிக்க வேண்டும். '1984'-ஐ டிசம்பர் 16 அன்று அப்படி நடித்த இரண்டாம் முறையைத்தான், தொலைக்காட்சித் திரையை ஃபிலிம் கேமராவால் படமெடுத்துப் பதித்தார்கள். இன்று நமக்குக் கிடைப்பது அது மட்டுமே. அப்படிப் பதிப்பதன் தரமும் சுமார்தான். 1953 குவாட்டர்மாஸ் தொடரின் ஆறு பகுதிகளில் முதல் இரண்டுதான் பதிவாயின. இரண்டாவதில் திரைமேல் ஒரு பூச்சி வந்து உட்கார்ந்ததும் சேர்ந்தே பதிவாகியிருக்கிறது. இப்படி எத்தனையோ துணை நடிகர்களின் உழைப்பு ஒளிபரப்பான இரவோடு போய்விட்டது.

பிராம்பெலுக்கு மட்டும் கிழவர் வேடங்கள் கைகொடுத்தன. 1962 ஜனவரியில் பிபிசியின் 'ஸ்டெப்டோ' நகைச்சுவைத் தொடரில் அப்பாவாக வந்தபோது அவருக்கு ஐம்பதுகூட நிறையவில்லை. மகனாக நடித்த ஹாரி கார்பெட்டை விட 13 வயதுதான் மூத்தவர். அந்த வேடம் 1974 வரை ஓடியது.