சுவரில் தெறித்த ரத்தம்: நீங்கள் நேரில் பார்த்தது என்ன?

ஓய்வுபெற்ற தடயவியல் ஊழியர்:
தனியாக இருந்த பெரியவர் ஒருவர் கட்டிலோரம் இறந்து கிடந்தார். தலையணை நனைந்திருந்தது, பக்கத்துச் சுவரில் பொடிப்பொடியாகத் தெறிப்பு. தெருவே கொலை என்று முடிவு கட்டி, மகனை முறைத்துக்கொண்டு நின்றது. லென்ஸ் வைத்துப் பார்த்தால், பல புள்ளிகளின் நடுவில் காற்றுக்குமிழி உடைந்து காய்ந்த சின்ன வளையம். சிலது சளி கலந்து வெளிறியிருந்தது. மூச்சோடு, இருமலோடு வரும் ரத்தம் இப்படித்தான் இருக்கும். அலமாரியில் காசநோய் மாத்திரை. பிரேதப் பரிசோதனையிலும் நுரையீரல் ரத்தக்கசிவுதான், உடம்பில் ஒரு காயமும் இல்லை.

சினிமாவில் நூல் கட்டிக் கோணம் பார்ப்பார்களே, அது கற்பனை இல்லை. சொட்டு நேராக விழுந்தால் வட்டம், சாய்வாகப் பட்டால் நீள்வட்டம். அகலம் நீளத்தில் பாதி என்றால், சொட்டு சுவரில் பட்ட கோணம் 30 டிகிரி. வால் நீளும் பக்கம் ரத்தம் போன திசை. ஆனால் அந்தக் கணக்கை வைத்து இருமலா அடியா என்று சொல்லிவிட முடியாது.

டயாலிசிஸ் நர்ஸ்:
எங்களிடம் வரும் அக்கா ஒருவருக்குக் கையிலிருந்த ஃபிஸ்டுலா (டயாலிசிஸுக்காகத் தமனியையும் சிரையையும் இணைத்த இடம்) வீட்டிலேயே உடைந்துவிட்டது. குளியலறை டைல்ஸில் அலை அலையாக ஏறி இறங்கும் கோடு. ஒவ்வொரு நாடித்துடிப்புக்கும் ஒரு பீச்சல், அதனால் அப்படி. பக்கத்து வீட்டார் வெட்டுக்குத்து என்று போலீஸைக் கூப்பிட்டுவிட்டார்கள்! வீட்டுக்காரர் விரலை எடுக்காமல் அழுத்திப் பிடித்தபடியே கொண்டுவந்தார், அக்கா பிழைத்துக்கொண்டார்.

கிரிமினல் வக்கீல்:
கோர்ட்டில் இதன் இன்னொரு முகம் தெரியும். அமெரிக்காவில் இண்டியானா மாநில டேவிட் கேம் வழக்கைப் படித்துப் பாருங்கள். 2000இல் கேமின் மனைவியும் இரண்டு குழந்தைகளும் சுட்டுக் கொல்லப்பட்டார்கள், பழி அவர் மேல் விழுந்தது. அவருடைய டீ-ஷர்ட்டில் 8 பொடிப் புள்ளிகள். சுடும்போது தெறித்தது என்று ஒரு பக்க நிபுணர்கள், மகளின் ரத்தம் தோய்ந்த முடி உரசியது என்று மறுபக்கம். இரண்டு முறை குற்றவாளி, 2013இல் மூன்றாவது விசாரணையில் விடுதலை. ரத்தத் தெறிப்பைப் படிக்கும் இந்தத் துறையின் முடிவுகளில் அறிவியலைவிடச் சொந்த அபிப்பிராயமே அதிகம் என்று அமெரிக்க தேசிய அறிவியல் கழகம் 2009லேயே எழுதிவிட்டது. குறுக்கு விசாரணையில் நான் இதைத்தான் எடுப்பேன்.

ஓய்வுபெற்ற தடயவியல் ஊழியர்:
எடுங்கள் சார், தப்பில்லை. அப்புறம் ஈயையும் கேளுங்கள். ரத்தத்தில் மொய்த்த ஈ பறந்துபோய் ட்யூப்லைட், திரைச்சீலை எல்லாவற்றிலும் கக்கி, எச்சமிட்டுப் புள்ளி வைக்கும். பார்வைக்கு அசல் தெறிப்புதான். வால் மட்டும் ஆளுக்கொரு திசையில் இருக்கும்.