கிரேன் வைத்த கறுப்புப் படகு: மிசிசிப்பியிலும் ஒஹாயோவிலும் பார்த்தவர்கள் சொல்கிறார்கள்

டுபூக், அயோவாவிலிருந்து:

ஆற்றோரம் நடக்கப் போகிறவர்கள் இந்தப் படகைப் பார்த்திருப்பீர்கள். கறுப்பு உடல், வெள்ளை மேல்தளம், பக்கத்தில் சாய்வாக ஒரு சிவப்புப் பட்டை. பெயர் வயகாண்டா, அமெரிக்கக் கடலோரக் காவல் படையின் மிதவைப் படகு. கடலே இல்லாத மாநிலத்தில் கடலோரக் காவல் படைக்கு என்ன வேலை என்றுதான் எல்லோரும் முதலில் கேட்பார்கள். 1939-இல் அமெரிக்கக் கலங்கரை விளக்கத் துறையை அந்தப் படையோடு இணைத்தார்கள். ஆற்றில் படகுகளுக்கு ஆழமான பாதையைக் காட்டும் மிதவைகளைப் பராமரிக்கும் பொறுப்பும் கூடவே வந்து சேர்ந்தது.

படகு என்னவோ 75 அடிதான். முன்னால் தன்னைவிட நீளமான ஒரு பார்ஜை (இன்ஜின் இல்லாத தட்டைப் படகு) தள்ளிக்கொண்டு போகும். கிரேன், சிவப்பு பச்சை மிதவைகள், கான்கிரீட் நங்கூரக் கட்டைகள், கம்பிவடம் எல்லாம் அந்த பார்ஜில்தான் இருக்கும்.

பனிக்கட்டி உருகி முடிந்த ஒரு வசந்த காலத்தில், கரையில் நின்று பைனாகுலரில் வெகுநேரம் பார்த்துக்கொண்டிருந்தேன். குளிர்காலப் பனிக்கட்டி மிதவைகளை இழுத்துக்கொண்டு போய்விடும், பெயின்ட்டையும் சுரண்டிவிடும். அதனால் வசந்தத்தில் வேலை அதிகம். ஓட்டுபவர் முகப்பை நீரோட்டத்துக்கு எதிராகத் திருப்பி, இன்ஜின் விசையிலேயே படகை நகராமல் நிறுத்துகிறார். இரண்டு பேர் கொக்கி மாட்டுகிறார்கள். கிரேன் மிதவையைத் தூக்குகிறது, பின்னாலேயே சேறு வழிய கம்பிவடம், கடைசியில் கான்கிரீட் கட்டை. தேய்ந்த வடத்தை மாற்றுகிறார்கள். அப்புறம் எக்கோ சவுண்டரில் ஆழம் பார்த்துக்கொண்டே மெதுவாக நகர்ந்து, சரியான இடம் வந்ததும் கட்டையைத் தண்ணீரில் தள்ளுகிறார்கள். அந்த நொடியில் வடம் தளத்தில் சீறிக்கொண்டு ஓடும். அதன் வளையத்துக்குள் கால் இருந்தால் ஆளையே இழுத்துவிடும். தள்ளுவதற்கு முன் ஒருவர் எல்லோருடைய காலடியையும் பார்த்துவிட்டுத்தான் கை காட்டினார். எனக்கு அதில் பிடித்ததே அந்த நிதானம்தான்.

லூயிவில், கென்டக்கியிலிருந்து:

நான் பார்த்தது ஒஹாயோ ஆற்றில், எங்கள் சின்னப் படகில் போகும்போது. எதிரே மிதவைப் படகு. கம்பத்தில் பந்து, வைரம், பந்து என்று மூன்று கறுப்பு உருவங்கள் ஒன்றன்கீழ் ஒன்றாகத் தொங்கின. 'வேலையில் இருக்கிறேன், என்னால் விலக முடியாது' என்று அதற்குப் பொருள். விலக வேண்டியது நாம்தான். ரேடியோவில் எந்தப் பக்கம் போகட்டும் என்று கேட்டேன், உடனே பதில் வந்தது. அலை எழும்பாமல் ஊர்ந்து கடந்தோம். கிரேனில் மிதவை தொங்கிக்கொண்டிருக்கும்போது நம் அலை அடித்து பார்ஜ் ஆடினால் அடிபடுவது அதன் கீழே நிற்கிறவர்கள். வேகமாகச் சீறிப் போகிற ஜெட் ஸ்கீக்காரர்களை அன்றைக்கு மனதாரத் திட்டினேன்.

என் மகள் கேட்ட கேள்வியையும் சொல்லிவிடுகிறேன். கரையில் இருக்கும் விளக்குக் கம்பங்களில் மைல் கணக்கு எழுதியிருக்கிறது (ஒஹாயோவில் பிட்ஸ்பர்கிலிருந்து தொடங்கி மிசிசிப்பியில் கலக்கும் இடம் வரை 981 மைல்), மிதவைகளில் மட்டும் ஏன் எண்ணே இல்லை? காரணம், அவை ஓர் இடத்தில் நிலையாக இருப்பதில்லை. மணல் நகர்ந்தால் ஆழமான பாதையும் நகரும், மிதவையையும் எடுத்து வேறு இடத்தில் போட வேண்டும். நீரோட்டத்துக்கு எதிராகப் போனால் கூம்புத் தலை சிவப்பு வலப்பக்கம், தட்டைத் தலை பச்சை இடப்பக்கம். இதை மட்டும் நினைவில் வைத்தால் போதும்.

தயவுசெய்து மீன் பிடிக்க மிதவையில் படகைக் கட்டாதீர்கள். சட்டப்படியும் அது குற்றம்.

மெம்ஃபிஸ், டென்னசியிலிருந்து:

தானிய ஏற்றுமதியில் வேலை செய்வதால் 2022 அக்டோபரை நான் மறக்க மாட்டேன். மெம்ஃபிஸ் நீர்மட்ட அளவுகோல் பூஜ்ஜியத்துக்குக் கீழே 10.81 அடிக்குப் போனது (பூஜ்ஜியம் என்பது ஒரு குறிப்பு மட்டம்தான், ஆற்றின் அடி இல்லை). அதுவரை இல்லாத சரிவு (அடுத்த வருடமே அதையும் தாண்டியது வேறு விஷயம்). பார்ஜுகள் தரைதட்டின. சுமையைக் குறைத்தோம், ஒரே இழுவையில் (ஒரு படகு சேர்த்துத் தள்ளிப் போகும் பார்ஜ் தொகுதி) கட்டும் பார்ஜுகளின் எண்ணிக்கையையும் குறைத்தோம். சரக்குப் போக்குவரத்துக்கு 9 அடி ஆழம் வேண்டும். அந்த ஆழமுள்ள பாதை குறுகக் குறுக, மிதவைகளையும் உள்ளே நகர்த்த வேண்டும். சில மிதவைகள் வெறும் மணலில் சாய்ந்து கிடந்ததைப் பார்த்தேன். இன்று போட்ட மிதவை அடுத்த வாரம் செல்லாது என்கிற நிலையில் மிதவைப் படகுக்காரர்கள் மறுபடி மறுபடி அதே வளைவுக்குத் திரும்பி வந்தார்கள்.

வெள்ளத்தில் நேரெதிர்த் தொல்லை. அடித்து வரும் மரங்கள் வடத்தில் சிக்கி மிதவையைத் தண்ணீருக்குள் அமுக்கிவிடும், அல்லது கட்டையோடு இழுத்துப் போய்விடும். பெரிய இழுவைகளும் அடிக்கடி இடிக்கின்றன. உள்ளே நுரை நிரப்பியிருப்பதால் ஓட்டை விழுந்தாலும் மிதவை மூழ்குவதில்லை. அதனால்தான் எங்கேயோ கீழே கரையொதுங்கிக் கிடக்கிறது.

இந்தப் படகுகளில் பெரும்பாலானவை 1960-களில் கட்டியவை. உள்ளே இடம் நெருக்கம், பெண்களும் சேர்ந்து பணிபுரியத் தக்க தங்குமிடம் பலவற்றில் இல்லை. புதிய படகுகளுக்கான ஒப்பந்தம் 2022-இல்தான் கையெழுத்தானது. ரொம்பத் தாமதம் என்பது என் கருத்து.

கரையொதுங்கிய மிதவையை அலங்காரத்துக்கு வீட்டுக்கு எடுத்துப் போகலாமா என்று கேட்டவருக்கு: கூடாது. அது அரசாங்கச் சொத்து. கடலோரக் காவல் படைக்கு இடத்தைச் சொல்லி ஒரு போன் போடுங்கள்.