அம்மாவின் பிரஷர் மாத்திரையும் கால் வீக்கமும்: அனுபவம் உள்ளவர்கள் சொல்லுங்கள்

அம்மாவுக்கு 62 வயது. அம்லோடிபின் 5 மி.கி. மட்டும் போட்டபோது பிரஷர் 160/100-லேயே நின்றது. டெல்மிசார்ட்டன் 40, அம்லோடிபின் 5 இரண்டும் சேர்ந்த ஒரே மாத்திரையாக டாக்டர் மாற்றினார். மூன்று வாரத்தில் 134/84, பெரிய நிம்மதி. ஆனால் சாயங்காலமானால் கணுக்கால் வீங்குகிறது. விரலால் அழுத்தினால் குழி அப்படியே நிற்கிறது. அம்மா வாய் திறந்து சொல்ல மாட்டார், செருப்பு வாரின் தடம் காலில் பதிந்திருந்ததைப் பார்த்துதான் எனக்கே தெரிந்தது.

அம்லோடிபினால் இப்படி வரும், டெல்மிசார்ட்டன் கூடச் சேர்ந்தால் குறையும் என்றுதான் நம்பியிருந்தேன். அடுத்த வாரம் டாக்டரைப் பார்க்கிறோம், அதுவரை மாத்திரையை நிறுத்தப் போவதில்லை.

இதே மாத்திரை போடுபவர்களே, வீக்கம் போகப்போக வடிந்ததா? வேறு கூட்டு மாத்திரைக்கு மாற்றினார்களா? பொட்டாசியம், கிரியாட்டினின் (சிறுநீரகம் எப்படி வேலை செய்கிறது என்று காட்டுவது) ரத்த டெஸ்ட் எப்போது எடுக்கச் சொன்னார்கள்?