க்ளாவே: சாவி போதுமே, திறவுகோல் எதற்கு?

வணக்கம். சல்சா இசையின் சொற்களுக்குத் தமிழில் என்ன சொல்வது என்று பேசிவருகிறோமே, அதற்கு என் பங்கு இது.

முதலில், சல்சாவைச் சல்சா என்றே விட்டுவிடலாம் என்பது என் கட்சி. 1964இல் நியூயார்க்கில் ஜானி பச்சேக்கோவும் ஜெர்ரி மசூச்சியும் தொடங்கிய ஃபானியா இசைத்தட்டு நிறுவனம், கியூபாவின் சோன், மாம்போ, குவாராச்சா ஆகிய இசை வகைகள் எல்லாவற்றையும் இந்த ஒரே பெயரில்தான் உலகெங்கும் விற்றது. சல்சா என்பது சாப்பாட்டில் ஊற்றிக்கொள்வது, இசையல்ல என்று சல்சாவின் பெரும் கலைஞர் டீட்டோ புவெந்தேவே அலுத்துக்கொண்டவர். கடைப்பெயரைப் போய் 'குழம்பிசை' ஆக்க வேண்டாம்.

தலைவலி க்ளாவேதான், அதாவது சல்சாப் பாட்டு முழுக்கத் திரும்பத் திரும்ப வரும் தட்டு வடிவம். 16 சிற்றெண்ணிக்கையில் 1, 4, 7, 11, 13 ஆகிய இடங்களில் மட்டும் விழும் ஐந்து தட்டுகள். முதல் பாதியில் மூன்று, அடுத்ததில் இரண்டு. திருப்பிப் போட்டும் வாசிப்பார்கள். வேர் மேற்கு, மத்திய ஆப்பிரிக்காவில். அடிமைகளாகக் கொண்டுவரப்பட்டவர்களோடு கியூபாவுக்கு வந்து, தீவின் கிழக்கில் பிறந்த சோனுக்குள் குடியேறியது. 1940களில் பார்வையற்ற கலைஞர் அர்செனியோ ரொட்ரீகஸ் கோங்கா என்ற உயரமான கைமுரசையும் பியானோவையும் சேர்த்துக் குழுவைப் பெரிதாக்கினார். அப்போதும் எல்லாக் கருவியும் இந்த ஐந்து தட்டுக்குக் கட்டுப்பட்டே நடந்தது. பல சல்சாப் பாட்டுகளில் அதை யாருமே தட்டுவதில்லை, ஆனாலும் பிசகினால் எல்லோருக்கும் தெரிந்துவிடும்.

அதனால் 'தாளம்' சரிவராது. தாளம் சுற்றை அளக்கிறது. இது சுற்றுக்குள் இருக்கும் கோணல் வடிவம். 'நடை' என்றால் கர்நாடக இசையின் திஸ்ரம் (மூன்று), கண்டம் (ஐந்து) என்று குழப்பம் வரும். நேற்று வந்த 'திறவுகோல் சந்தம்' பொருளளவில் சரிதான், க்ளாவே என்ற சொல்லே திறவுகோல் வழி வந்ததுதான். ஆனால் நீளம்.

என் பரிந்துரை: சாவிச்சந்தம். சாவி தமிழல்ல என்பீர்கள். உண்மை, போர்த்துகீசியரின் 'ஷாவே'யிலிருந்து வந்தது. அந்த ஷாவேயும் ஸ்பானிய க்ளாவேயும் ஒரே லத்தீன் சொல்லின் பிள்ளைகள்! க்ளாவேயின் பங்காளி நம் வீட்டு ஆணியில் தொங்கும்போது வேறெங்கே தேடுவது? (வயல் தெரிந்தவர்களுக்குச் சாவி என்றால் பதர். சந்தம் சேர்ந்தால் அந்தக் குழப்பம் வராது.)

தட்டும் இரண்டு மரக்குச்சிகளுக்குச் சாவிக்கட்டை. சிப்ளாக்கட்டை என்றால் சலங்கை ஒலி நினைவுக்கு வந்துவிடும்.

அப்புறம், குழுவாகத் திரும்பத் திரும்பப் பாடும் 'கோரோ'வுக்குப் பின்பாட்டு கச்சிதம். சல்சாப் பாடகர்கள் செலியா க்ரூஸும் எக்தோர் லவோவும் அந்தப் பின்பாட்டுக்கு நடுவே, அந்தக் கணத்தில் தோன்றியதைக் கட்டிப் பாடுவார்களே, அந்த 'சோனேயோ'வுக்கு என்ன சொல்லலாம்? 'எதிர்ப்பாட்டு' என்றால் சண்டை போலிருக்கிறது.