சென்னல்குடிப் பாட்டி

எங்கள் அம்மாச்சி ‘தென்றல்’ சீரியல் பார்க்கும்போது வீட்டில் யாரும் சத்தம் போடக் கூடாது. 2012 பிப்ரவரியில், அதில் நடித்த நடிகை எஸ்.என். லட்சுமி இறந்துவிட்டதாக டிவியில் செய்தி வந்தது. படத்தைப் பார்த்ததும் அம்மாச்சி அப்படியே உட்கார்ந்துவிட்டார். "நம்ம விருதுநகர்ப் பக்கம்தான்டா. சென்னல்குடி" என்றார். லட்சுமி என்ற பெயரே எனக்கு அன்றுதான் தெரியும். முகம் மட்டும் சின்ன வயசிலிருந்தே பழக்கம்.

‘மைக்கேல் மதன காமராஜன்’ படத்தில் ஊர்வசியின் பாட்டி அவர்தான். கண்ணில் பட்டதையெல்லாம் சுருட்டிக்கொள்ளும் பாட்டி. கை ஒரு வேலை செய்துகொண்டிருக்கும், முகத்துக்கும் அதற்கும் சம்பந்தமே இருக்காது. எங்கள் வீட்டில் அந்தப் படத்தை எத்தனை தடவை போட்டாலும் சிரிப்போம். அது 1990. நாலு வருஷம் கழித்து ‘மகாநதி’. மருமகன் ஜெயிலில் இருக்க, பேரப்பிள்ளைகளை வைத்துக்கொண்டு தவிக்கும் மாமியார். இரண்டும் ஒரே ஆள்தான் என்று எனக்கு ரொம்ப நாள் உறைக்கவே இல்லை. அப்புறம் ‘விருமாண்டி’யிலும் பாட்டிதான்.

அம்மாச்சிக்கு நினைவில் இருந்தது வேறு படம். 1964இல் வந்த ‘சர்வர் சுந்தரம்’, நாகேஷின் அம்மா. அப்போது லட்சுமிக்கு நாற்பதுகூட ஆகியிருக்காது. பெரிய நடிகனாகிவிட்ட மகன் படப்பிடிப்பிலிருந்து வந்து சேர்வதற்குள் அம்மாவின் உயிர் போய்விடும். தியேட்டரில் தன்னைச் சுற்றி இருந்த பெண்கள் எல்லாரும் அழுததை அம்மாச்சி கடைசிவரை சொல்லிக்கொண்டிருந்தார்.

இந்த முதிர்ச்சி எங்கிருந்து வந்தது என்று தேடிப் படித்தபோது பதில் கிடைத்தது: நாடகம். நடிகர் சகஸ்ரநாமத்தின் சேவா ஸ்டேஜ் போன்ற நாடகக் குழுக்களில் நடித்துப் பழகியவர். மேடையில் கடைசி வரிசை வரைக்கும் கேட்கும்படி பேசிப் பழகியவர்கள் பலர் கேமரா முன்னால் கத்துவார்கள். இவர் கத்தவே மாட்டார். வசனம் இல்லாத இடத்திலும் எதிரில் பேசுபவரை உன்னிப்பாகக் கேட்டுக்கொண்டிருப்பார். என்னைப் பொறுத்தவரை அவருடைய பெரிய பலம் அதுதான். கதாநாயகிகளைப் பற்றிப் பக்கம் பக்கமாக எழுதியவர்கள் இவரைப் பற்றி ஒரு பத்தியாவது கூடுதலாக எழுதியிருக்கலாம்.

இன்னொரு விஷயமும் அப்போதுதான் தெரிந்தது. 1948இல் ஜெமினி வாசன் எடுத்த ‘சந்திரலேகா’வின் முரசு நடனத்தில் ஆடிய பெண்களில் இவரும் ஒருவராம். அன்று ராத்திரியே அந்தக் காட்சியைப் போட்டு, நிறுத்தி நிறுத்திப் பார்த்தேன். வரிசை வரிசையாக முரசுகள், அவற்றின் மேல் ஒரே மாதிரி உடையில் சின்னச் சின்னதாகப் பெண்கள். அம்மாச்சியும் கண்ணாடியை மாட்டிக்கொண்டு பக்கத்தில் வந்து உட்கார்ந்தார். "இதா? இல்ல, அதா?" என்று திரையில் விரல் வைத்துத் தேடினார். எங்களால் அவரைக் கண்டுபிடிக்க முடியவில்லை. இப்போதும் அந்தப் பாட்டு டிவியில் வந்தால் நான் முன்னால் நகர்ந்து உட்கார்ந்துகொள்கிறேன்.